முதல்ல கையைக் காட்டு

எனக்கு யாரும் கைதட்டினதே கிடையாது. முப்பத்து நாலு வருஷம் சிறையில வேலை பாத்தவளுக்கு யாரு கைதட்டுவா? போன மாசம் ஈப்போவுல, ஒரு பழைய கடைவீட்டு மாடியில, இடம் இல்லாம சுவரோரம் நின்ன ஆளுங்க எல்லாம் சேர்ந்து எனக்குக் கைதட்டினாங்க. வெக்கமா இருந்துச்சு, சந்தோஷமாவும் இருந்துச்சு. ஆனா அந்தக் கைதட்டல் வாங்கின பேச்சுக்குள்ள நான் ஒரு பொய் சொல்லியிருந்தேன். நாப்பது வருஷமா பழக்கமான பொய், அதனால தடங்கல் இல்லாம வந்துச்சு. அதைச் சொல்லத்தான் இதை எழுத உக்காந்தேன். கொஞ்சம் சுத்தி வளைச்சுத்தான் வருவேன், என் வாய் அப்படி, பொறுத்துக்குங்க.

என் பேரு பாக்கியம். ஈப்போ பக்கத்துல புந்தோங்குல இருக்கேன். பெண்கள் சிறையில காவலரா சேர்ந்து சார்ஜண்டா ஓய்வு பெற்றவ. எந்தச் சிறை, எந்த ஊருன்னு மட்டும் கேக்காதீங்க. வெளிய பேச மாட்டேன்னு வேலையில சேர்ந்த அன்னைக்குக் கையெழுத்து வாங்கினாங்க. வயசு அறுபத்தெட்டாகியும் அந்தப் பயம் விடல. பேராக் மாநிலத்துல ஓயாம மழை பெய்யுற ஒரு எடம்னு வச்சுக்குங்க, போதும்.

அடுத்த தெரு ஷாலினி, வழக்கறிஞரா இருக்கிற பொண்ணு, ஒருநாள் காலையில பசியாறுற நேரத்துல வந்து நின்னுச்சு.

"ஆண்டி, ஞாயித்துக்கிழமை மத்தியானம் வேலை இருக்கா? எங்க குழுவுல ஒரு படம் போடுறோம். ஐரிஷ் படம். அரசியல் கைதிங்களா உள்ள இருந்த பொம்பளைங்களைப் பத்தி."

"பாட்டு இருக்கா?"

"இல்ல ஆண்டி."

"சண்டை?"

"அதுவும் இல்ல."

"அப்புறம் எதுக்குலா அந்தப் படம்?"

சிரிச்சுக்கிட்டே சொன்னுச்சு, "படம் முடிஞ்சதும் நீங்க பத்து நிமிஷம் பேசணும். சிறையில வேலை பாத்த பொம்பளை எனக்குத் தெரிஞ்சு நீங்க ஒருத்தர்தான்."

எனக்கு ஆச்சரியம். சிறையில வேலைன்னா நம்ம ஆளுங்க முகத்தைச் சுளிப்பாங்க. என் மகனுக்குப் பொண்ணு பாக்கப் போன ஒரு வீட்டுல, "மாப்பிள்ளையோட அம்மா ஜெயில்ல இருந்தாங்களாமே"ன்னு எவனோ ஊதிவிட்டு, அந்தச் சம்பந்தமே கெட்டுப்போச்சு. இப்ப ஒரு பொண்ணு தேடி வந்து பேசக் கூப்பிடுது. விடுவேனா? நல்ல சேலையா எடுத்துக் கட்டிக்கிட்டுப் போனேன்.

படம் சின்னப் படம். பெரிய கம்பெனி எதுவும் எடுத்தது இல்ல. ஒரு பொம்பளைதான் எடுத்திருக்காங்க, மூடிக் கிடந்த ஒரு பழைய சிறைக்குள்ளயே முழுப் படத்தையும். காவலரா வந்தவங்கள்ல பாதிப் பேர் நடிகைங்களே இல்லையாம். நான் நம்பினேன். ஏன்னா நம்ம சினிமாவுல சாவிக்கொத்தைச் சலங்கை மாதிரி ஆட்டிக்கிட்டு நடப்பாங்க. வேலை பாத்தவ சத்தம் வராம உள்ளங்கையில பொத்திப் பிடிப்பா. இவங்க பொத்திப் பிடிச்சாங்க.

கதை பெருசா ஒண்ணுமில்ல. "நாங்க திருடிங்க இல்ல, அரசியல் கைதிங்க, அப்படியே நடத்துங்க"ன்னு பத்துப் பொம்பளைங்க பிடிவாதமா நிக்கிறாங்க. சிறை வேலைக்குப் போக மாட்டேங்கிறாங்க. குளிக்க விடாம அறைக்குள்ளயே பூட்டி வச்சாலும் மசியல. அந்த அழுக்குக்குள்ள ஒருத்தி இன்னொருத்திக்குத் தலை வாரி விடுறா, சீப்பு இல்லாம, வெறும் விரலால. அடேயப்பா, என்ன பொம்பளைங்க லா! அவங்க பேசின இங்கிலீசு எனக்குப் பாதிதான் புரிஞ்சுச்சு. ஆனா அழுத எடத்துல எல்லாம் கரெக்டா அழுதேன்.

ஒரு காட்சி மட்டும் என்னைப் பிடிச்சு உலுக்கிடுச்சு. ஒரு இளம் காவலர், ஒரு கைதி, ரெண்டு பேரும் ஒரே தெருக்காரங்க. சோதனை போடணும். காவலர் பொண்ணு கதவுப் பக்கம் திரும்பிப் பாக்குறா. அங்க யாரும் இல்ல. கேமராவும் அந்த வெறும் கதவையே பாத்துக்கிட்டு நிக்குது. அப்புறம் அவ கைதி பக்கம் திரும்பி, "எனக்கு உத்தரவு" அப்படிங்கிறா.

எங்கயோ அயர்லாந்துல இருக்கிற பொம்பளைக்கு இது எப்படித் தெரிஞ்சுச்சு?

என்ன தெரிஞ்சுச்சுன்னு நீங்க கேக்கணும்ல. அதுக்கு என் வேலையைப் பத்திச் சொல்லியாகணும்.

நான் பொறந்தது பீடோர் பக்கம் ஒரு ரப்பர் எஸ்டேட்டுல. அம்மா பால்மரம் வெட்டுனவங்க. விடியக் காலையில பெரட்டுக்கு வரிசையா நிக்கணும், கணக்கு எழுதுற கிராணி பேரைக் கூப்பிட்டு ஆளைச் சரிபாப்பார், பிந்திப் போனா அன்னைக்கு வேலை இல்ல. அதைப் பாத்து வளந்தவளுக்குச் சிறையில நாளுக்கு மூணு தடவை ஆள் எண்ணுறது ஒண்ணும் புதுசா தெரியல. பயிற்சியைப் பத்திச் சொல்லவும் ஒண்ணுமில்ல. ஆறு மாசம் வெயில்ல நடந்தோம், சல்யூட் அடிச்சோம், திமிறுற ஆளை எப்படி மடக்குறதுன்னு கத்துக்கிட்டோம். வேலை என்னன்னு நான் கத்துக்கிட்டது புவான் ரொஸ்னாகிட்டதான்.

எங்க பிரிவுக்கு அவங்கதான் மேலதிகாரி. புவான்னா மலாயில மேடம் மாதிரி, பெண் அதிகாரிங்க எல்லாரையும் அப்படித்தான் கூப்பிடணும். மலாய்க்காரவங்க, கோலகங்சார் ஊரு. குள்ளமா இருப்பாங்க. குரலை ஒசத்தி நான் கேட்டதே இல்ல. கோவம் வந்தா ஒண்ணே ஒண்ணு செய்வாங்க: எழுதிக்கிட்டு இருக்கிற பேனாவுக்கு மூடி போட்டு மேசையில வைப்பாங்க. அந்த 'டக்' சத்தம் கேட்டா ஆறடி உசரம் உள்ள காவலருக்கும் தொண்டை வறண்டுடும்.

முதல் நாளு என்னை ஒரு வாளிக்கு முன்னால நிக்க வச்சாங்க. வாளியில வெதுவெதுன்னு தண்ணி.

"கடிகாரத்தைக் கழட்டு. மோதிரம், வளையல் எல்லாம். ரெண்டு கையையும் தண்ணியில வை."

"எதுக்கு புவான்?" அப்பவே எனக்கு வாய்.

"உன் கை வேணும்னு அந்தப் பொண்ணு கேக்கல. ஜில்லுனு கை பட்டா யாருக்கும் ஒடம்பு துள்ளும். துள்ளினா முரண்டு பிடிச்சாள்னு நீ எழுதி வைப்ப."

கையைத் தொடைச்சதும், "தாங்ஙான் டூலு"ன்னாங்க. முதல்ல கை. யாரைச் சோதிக்கப் போறியோ அவங்களுக்கு முன்னால ரெண்டு உள்ளங்கையையும் விரிச்சுக் காட்டணும், திருப்பியும் காட்டணும். உன் கையில ஒண்ணும் இல்லைன்னு அவங்க முதல்ல பாக்கணும். அப்புறம் உன் பேரைச் சொல்லணும். திரையை இழுத்து விடணும். எங்க தொடப் போறியோ அதை முன்கூட்டியே வாயால சொல்லணும். மேல் துணியைக் கழட்டி வாங்கிப் பாத்துட்டு, அதை அவங்க திரும்பப் போட்டுக்கிட்ட பிறகுதான் கீழ்த் துணி. ஒரு பொம்பளை ஒரு நிமிஷம்கூட முழுசா வெறும் ஒடம்போட நிக்கக் கூடாது. கொண்டையை அவங்களே அவுக்கணும், நம்ம கை போகக் கூடாது. சாமிக் கயிறு, தாயத்து, தாலி இருந்தா அவங்களே கழட்டித் தரணும், அவங்க கண் முன்னால பையில போட்டு ஒட்டணும். கடைசியில துணியை ரெண்டு கையாலயும் திருப்பிக் கொடுக்கணும், கோயில்ல தட்டு வாங்குற மாதிரி.

இதுல ஒண்ணுகூட விதிப் புத்தகத்துல கிடையாது. புத்தகத்துல 'சோதனை செய்யப்பட வேண்டும்'னு ஒரே வரி. மத்தது எல்லாம் புவான்.

எங்களை ஒருத்தரை ஒருத்தர் சோதிக்க வச்சாங்க, ரெண்டு வாரம். என் முறை வந்தப்ப நான் அழுதுட்டேன். "அழுது முடிச்சிட்டு வா, இன்னொரு தடவை இருக்கு"ன்னாங்க. அன்னைக்கு மனசுக்குள்ள திட்டினேன். பின்னால அந்த அம்மாவுக்குக் கோயில் கட்டலாம்னு தோணுச்சு.

நான் சேர்ந்து அஞ்சாவது வருஷம் தனலெட்சுமி வந்தாங்க. தெலுக் இந்தான் பக்கம் ஒரு எஸ்டேட். எஸ்டேட்டை வித்துட்டு வேலையாளுங்க குடியிருந்த லயத்து வீடுகளைக் காலி பண்ணச் சொன்னப்ப, பொம்பளைங்களை ஒண்ணு சேத்து, மாத்து வீடு கொடுக்காம நகர மாட்டோம்னு வாசல்ல உக்காந்தவங்க. வழக்கு இல்ல, நீதிபதி இல்ல, தடுப்புக் காவல்னு ஒரே ஒரு தாளு. எப்ப வெளிய விடுவாங்கன்னு அவங்களுக்கும் தெரியாது, எங்களுக்கும் தெரியாது. வயசு முப்பது இருக்கும். மூணு வயசுல ஒரு பொண்ணு, மலர்னு பேரு.

திருடியைப் பாத்திருக்கேன், புருஷனை வெட்டிட்டு வந்தவளைப் பாத்திருக்கேன். இவங்களை மாதிரி ஆளைப் பாத்தது இல்ல. கத்த மாட்டாங்க, கெஞ்ச மாட்டாங்க. மலாய் பேப்பரை வச்சுக்கிட்டு எழுதப் படிக்கத் தெரியாத பொண்ணுங்களுக்கு எழுத்து சொல்லிக் கொடுப்பாங்க. எங்களை எல்லாக் கைதியும் மலாயில மரியாதையா 'சிக்'னு கூப்பிடணும். இவங்க மட்டும் "பாக்கியம், பசியாறிட்டீங்களா?"ன்னு பேரைச் சொல்லியே கேப்பாங்க. யாரோ போய் புவான்கிட்ட புகார் சொன்னாங்க. "பேரைச் சொல்லச் சொன்னதே நான்தான். சொன்ன பேரைக் கூப்பிட்டா என்னவாம்?"னு புவான் முடிச்சுட்டாங்க. நானும் வாய்க்குள்ள தனக்கான்னுதான் கூப்பிடுவேன்.

மாசத்துக்கு ஒரு தடவை அவங்க வீட்டுக்காரர் மலரைத் தூக்கிக்கிட்டு மூணு பஸ்ஸு மாறி வருவார். உள்ள விடுறதுக்கு முன்னால குழந்தையையும் சோதிக்கணும். நான் மண்டி போட்டு ரெண்டு கையையும் விரிப்பேன். அது தன் கையை எடுத்து என் கை மேல வைக்கும், பிஸ்கட் பிசுபிசுப்போட. அதுக்கு அது வெளாட்டு. ரெண்டு மூணு மாசத்துல, என்னைப் பாத்தாலே தானா கையை நீட்டிக்கிட்டு ஓடி வர ஆரம்பிச்சுடுச்சு.

இப்ப அந்த நாளுக்கு வாரேன்.

புவான் மகள் கல்யாணத்துக்கு விடுப்புல போயிருந்தாங்க. தலைமையகத்துல இருந்து ஒரு பெண் அதிகாரி பார்வையிட வந்திருந்தாங்க. அன்னைக்குத்தான் மலர் வருது. அம்மாவைப் பிடிச்சுக்கிட்டுப் போனதுல இருந்து குழந்தை தூக்கத்துல அலறுதுன்னு, எஸ்டேட்டு முனியாண்டி கோயில்ல மந்திரிச்ச கறுப்புக் கயிறு ரெண்டு வாங்கிட்டு வந்திருந்தார் வீட்டுக்காரர். ஒண்ணு மலர் கையில. இன்னொண்ணை நான்தான் கட்டுவேன்னு மலர் அடம் பிடிச்சு, அம்மா மணிக்கட்டுல சுத்துச்சு. அப்பா முடிச்சு மட்டும் போட்டார். நான் பாத்தேன். பாக்காத மாதிரி சன்னல் பக்கம் திரும்பிக்கிட்டேன். அதுவரைக்கும் நான் மனுஷிதான்.

சந்திப்பு முடிஞ்சு சோதனை அறைக்கு வந்தோம். அந்த அதிகாரி நாற்காலியில உக்காந்து பாத்துக்கிட்டு இருந்தாங்க. தனக்கா கையில கயிறைப் பாத்துட்டு என்னைக் கேட்டாங்க, "அது என்ன? அவங்க ஆளுதானே நீங்க, உங்களுக்குத் தெரியுமே."

அவ்வளவுதான் கேட்டாங்க. தெரியாம கேட்ட கேள்வி. என் காதுல அது வேற மாதிரி விழுந்துச்சு. அந்த எடத்துல தமிழ்க் காவலர் நான் ஒருத்திதான். அவங்க ஆளுங்கிற பேரு வந்துடுமோ, சலுகை காட்டுறேன்னு எழுதிடுவாங்களோன்னு எனக்குள்ள ஒரு பேயி புகுந்துடுச்சு. நான் யாரோட ஆளும் இல்லைன்னு காட்டணும், இப்பவே காட்டணும்.

"ஒண்ணுமில்ல புவான், வெறும் நூலு"ன்னு சொல்லிட்டுக் கத்தரிக்கோலை எடுத்து அறுத்தேன்.

எஸ்டேட்டுல வளந்தவளுக்குத் தெரியாதா? மந்திரிச்ச கயிறை யாரும் அறுக்கக் கூடாது. தானா அறுந்து விழணும், இல்ல ஓடுற தண்ணியில கழட்டி விடணும். பிள்ளை கட்டின கயிறு. அதை அறுத்துக் குப்பைத் தொட்டியில போட்டேன். அதோட நிறுத்தினேனா? கை கழுவல. கையைக் காட்டல. பேரைச் சொல்லல. திரையை இழுக்கல. "கழட்டு"ன்னேன். கழட்டுங்கன்னுகூட இல்ல. எல்லாத் துணியையும் ஒரே தடவையில வாங்கித் தரையில போட்டேன். கொண்டைக்குள்ள என் விரலை விட்டேன். என் கடிகாரப் பட்டை அவங்க முதுகுல இழுத்துச்சு, சிவப்பா ஒரு கோடு விழுந்துச்சு.

தனக்கா என் முகத்தைப் பாக்கல. என் கையை மட்டும் பாத்துக்கிட்டு நின்னாங்க.

கடைசியில அந்த அதிகாரிதான் நாற்காலியை விட்டு எந்திரிச்சு, "போதும், போதும்"னு சொன்னாங்க. அதுக்கப்புறம்தான் நிறுத்தினேன். நல்லா கேட்டுக்குங்க: யாரும் எனக்கு உத்தரவு போடல. நிறுத்தச் சொன்னதுதான் உத்தரவு.

சாயங்காலம் போய்க் குப்பைத் தொட்டியைக் கிளறினேன். காலி பண்ணிட்டாங்க.

அடுத்த மாசம் சந்திப்பு நாளு. தனக்காவைக் கூப்பிடப் போனா, "நான் வரல"ன்னாங்க. சந்திப்புக்குப் போனா திரும்பி வர்றப்ப சோதனை உண்டு. அந்தக் கைக்கு முன்னால இன்னொரு தடவை நிக்கிறதுக்குப் பிள்ளையைப் பாக்காமலே இருந்துக்குறேன்னு முடிவு பண்ணிட்டாங்க. வாசலுக்குப் போய் வீட்டுக்காரர்கிட்ட சொல்ல வேண்டியது நான். மழை பெய்யுது. அவர் குடையை மடக்கிக்கிட்டு, "ஒடம்பு சரியில்லையா சிக்?"னு கேக்கிறார். மலர் அப்பா இடுப்புல இருந்து எறங்கி ஓடி வந்து, ரெண்டு கையையும் நீட்டிக்கிட்டு எனக்கு முன்னால நிக்குது. நான் கையைப் பின்னால கட்டிக்கிட்டேன். வேற என்ன செய்வேன்? அந்தப் பிள்ளை நீட்டின கை இன்னைக்கும் என் கண்ணுல நிக்குது.

விடுப்பு முடிஞ்சு வந்த அன்னைக்கே முதுகுக் கோடு புவான் காதுக்கு எட்டிடுச்சு. அன்னைக்கு விட்டுட்டாங்க. தனக்கா சந்திப்புக்கு வரலைன்னதும் என்னைக் கூப்பிட்டாங்க.

"அந்த அதிகாரி உத்தரவு போட்டாங்களா?"

"ஆமா புவான்."

பேனாவுக்கு மூடி போட்டாங்க. 'டக்.' "சொன்ன வாய் அவங்களோடது. கை யாரோடது?"ன்னாங்க. அவங்க தனக்காகிட்டயும் போய்க் கேட்டாங்க. நான் வெளிய நிக்கிறேன். உள்ள தனக்கா சொன்னது காதுல விழுந்துச்சு: "என்னைக் கேக்காதீங்க புவான். பாக்கியத்தைக் கேளுங்க."

ஒரு வார்த்தையில என் வேலையைப் பறிச்சிருக்கலாம். பறிக்கல. உண்மையை என் கையிலயே விட்டுட்டாங்க. நான்தான் அதை எடுத்துக் கொடுக்கல.

புவான் எனக்குத் தண்டனை எதுவும் தரல. தந்திருந்தா நல்லா இருந்திருக்கும். "அந்த அம்மா பிள்ளையைப் பாக்கணும். இனிமே அதுதான் உன் வேலை. எப்படின்னு எனக்குத் தெரியாது"ன்னு சொல்லிட்டுப் போயிட்டாங்க.

எனக்கும் தெரியல. தெரிஞ்சது ஒண்ணுதான். மறுநாள் காலையில கதவு தொறக்கிற நேரத்துல கடிகாரத்தைக் கழட்டி வச்சேன், வெந்நீர்ல கையை முக்கித் தொடைச்சேன், தனக்கா அறை வாசல்ல போய் நின்னு ரெண்டு உள்ளங்கையையும் விரிச்சேன். திருப்பினேன். "என் பேரு பாக்கியம்"னேன். அவங்க சுவத்தைப் பாத்துக்கிட்டு உக்காந்திருந்தாங்க. மறுநாளும் போனேன். அதுக்கு மறுநாளும். மத்தக் காவலருங்களுக்கு ஒரே சிரிப்பு. "என்ன பாக்கியம், தெனம் கையை நீட்டிக்கிட்டு நிக்கிறே, ஜோசியம் பாக்கவா?" சிரிக்கட்டும்னு விட்டேன். இன்னொரு சந்திப்பு நாளும் வந்துச்சு. அன்னைக்கும் அவங்க போகல. மலர் வாசல்ல இருந்து திரும்பிப் போச்சு. இந்தத் தடவை அது கையை நீட்டல.

மூணாவது மாசம், சந்திப்பு நாளு காலையில, கையைத் திருப்பிக் காட்டிட்டு நிக்கிறேன். தனக்கா சுவத்துல இருந்து கண்ணை எடுத்து என் கையைப் பாத்தாங்க. ரொம்ப நேரம் பாத்தாங்க.

"இன்னைக்குப் போறேன். வந்ததும் நீங்கதான் சோதனை போடணும். வேற யாரும் வேணாம்."

"நானா அக்கா?" வாய்க்குள்ளயே இருந்த அக்கா வெளிய வந்துடுச்சு.

"தப்பா செஞ்ச கைதானே? அதுவே சரியா செய்யட்டும்."

செஞ்சேன். வெந்நீர், கை, பேரு, திரை. "தோளைத் தொடப் போறேன் அக்கா", "இப்ப கையைத் தொடப் போறேன்"னு ஒவ்வொண்ணா சொல்லிச் சொல்லி. மேல் துணியை ரெண்டு கையாலயும் கொடுத்தப்ப, "கை சூடா இருக்கு" அப்படின்னாங்க. அவ்வளவுதான். மன்னிச்சேன்னு சொல்லல, நானும் கேக்கல. அதுக்கப்புறம் ஒரு சந்திப்பைக்கூட அவங்க விடல. ஒண்ணரை வருஷம் கழிச்சு, எப்படிப் பிடிச்சாங்களோ அதே மாதிரி ஒரு தாளைக் கொடுத்து வெளிய விட்டாங்க.

புவான் ஓய்வு பெற்ற பிறகும் ஒவ்வொரு நோன்புப் பெருநாளுக்கும் அவங்க வீட்டுக்குப் போவேன். ரெண்டாங் கறி வைப்பாங்க, மூங்கில்ல சுட்ட லெமாங் சோறு வைப்பாங்க. ஒவ்வொரு வருஷமும் சொல்லிடணும்னு வாயைத் தொறப்பேன், அதுல லெமாங்கை வச்சு அடைச்சுக்கிட்டு வந்துடுவேன். அவங்க போய்ச் சேந்துட்டாங்க. அந்த அம்மா யாரோ ஒரு அதிகாரி மேல குத்தம்னு நினைச்சுக்கிட்டே போயிட்டாங்க. இல்ல, தெரிஞ்சுக்கிட்டே நான் சொல்லட்டும்னு காத்துக்கிட்டு இருந்தாங்களோ என்னவோ.

இப்ப ஈப்போ மாடிக்கு வாங்க. படம் முடிஞ்சு லைட்டைப் போட்டாங்க. மைக்கைக் கொடுத்தாங்க. புவானைப் பத்திப் பேசினேன். வாளித் தண்ணி, திரை, முதல்ல கை எல்லாம் சொன்னேன். பசங்க வாயைத் தொறந்துக்கிட்டுக் கேட்டாங்க. ஒரு சீனப் பையன் எந்திரிச்சு மலாயில கேட்டான், "படத்துல வந்த மாதிரி உங்க எடத்துல ஒரு தடவையும் நடந்தது இல்லையா?"

"ஒரே ஒரு தடவை"ன்னேன். "மேலிடத்து உத்தரவு. அந்த வேலையில இருந்துக்கிட்டு என்ன செய்ய முடியும், சொல்லுங்க."

அப்பத்தான் கைதட்டினாங்க. மறைக்காம ஒத்துக்கிட்டாங்கன்னு ஷாலினி மைக்குல வேற சொன்னுச்சு.

கூட்டம் கலைஞ்சு ஆளுங்க நாற்காலியை மடக்குறாங்க. நான் தண்ணி குடிச்சுக்கிட்டு நிக்கிறேன். பின் வரிசையில இருந்து ஒரு அம்மா தடியை ஊன்றிக்கிட்டு வாராங்க. தலை முழுக்க வெள்ளை. பக்கத்துல வந்து நின்னு, என் முகத்தைப் பாக்கல. தம்ளரைப் பிடிச்சிருந்த என் கையைப் பாத்தாங்க. அந்தப் பார்வையிலதான் ஆளைக் கண்டுபிடிச்சேன்.

"தனக்கா!"

"நல்லா பேசுனீங்க பாக்கியம். நீங்க பேசுறதா பத்திரிகையில போட்டிருந்துச்சு, மலருதான் காருல கூட்டிட்டு வந்தா. காரை நிறுத்தப் போன பிள்ளை இன்னும் எடம் தேடிக்கிட்டு இருக்கா." சிரிச்சாங்க. "புவானைப் பத்திச் சொன்னது எல்லாம் நெசம். கேக்கவே சந்தோஷமா இருந்துச்சு." அப்புறம் சிரிப்பை நிறுத்திட்டு, ரொம்ப மெதுவா கேட்டாங்க: "அந்த உத்தரவு மட்டும் யாரு போட்டா?"

தம்ளரைக் கீழ வச்சேன். மறந்துபோச்சு, வயசாயிடுச்சுன்னு சொல்லியிருக்கலாம். அன்னைக்கு அந்தச் சோதனை அறையில இருந்தவங்கள்ல எனக்குத் தெரிஞ்சு நாங்க ரெண்டு பேருதான் மிச்சம். அவங்களும் போயிட்டா என் பொய்யே உண்மையாயிடும்.

"யாரும் போடல அக்கா"ன்னேன். "நானாத்தான் செஞ்சேன்."

"எனக்குத் தெரியுமே. என்கிட்ட சொல்லி என்ன ஆகப்போகுது?" தடியால கூடத்தைக் காட்டினாங்க. "அவங்களுக்குத்தான் தெரியல."

அதட்டல் இல்ல, கோவம் இல்ல. 'பசியாறிட்டீங்களா'ன்னு கேக்கிற அதே குரல். நாப்பது வருஷத்துக்கு முன்னால என் கையில விட்டுட்டுப் போனதை, கொடுத்துட்டியான்னு கேக்க வந்திருக்காங்க.

ஷாலினி மைக்கு வயரைச் சுருட்டிக்கிட்டு இருந்துச்சு. "அதைக் குடும்மா"ன்னேன். "எல்லாரும் கொஞ்சம் உக்காருங்க, இன்னும் முடியல." மடக்கின நாற்காலியைத் திரும்ப விரிச்சாங்க. படியில எறங்கினவங்க மேல ஏறி வந்தாங்க. அவங்களோட சேர்ந்து நாப்பது வயசு தாண்டின பொண்ணு ஒருத்தி, கார்ச் சாவியும் கையுமா மூச்சு வாங்க வந்து தனக்கா பக்கத்துல நின்னா.

நான் கடிகாரத்தைக் கழட்டி மேசையில வச்சேன். மோதிரத்தையும் வளையலையும் கழட்டி அது பக்கத்துல வச்சேன். மைக்கைக் கீழ வச்சுட்டு, ரெண்டு உள்ளங்கையையும் அவங்களுக்கு முன்னால விரிச்சேன், திருப்பிக் காட்டினேன். அப்புறம் மைக்கை எடுத்தேன்.

"என் பேரு பாக்கியம்"னேன். "கொஞ்சம் முந்தி நான் உங்ககிட்ட ஒரு பொய் சொன்னேன்."